செங்கமலம் கடை வளைவு

அந்தக் குச்சியை அங்க நடாதீங்க தம்பி. நட்டா திரும்பப் புடுங்கணும், ரெண்டு வேலை. இப்பிடி நிழலுக்கு வாங்க. உச்சி வெயில்ல உங்களை அனுப்பிட்டு உங்க துரை விசிறிக்குக் கீழ காலை நீட்டிப் படுத்திருப்பான். உள்ள உலை கொதிக்குது. சோறு வடிக்கிற வரைக்கும் உக்காருங்க.

நீங்க யாழ்ப்பாணத்துப் பிள்ளைதானே? சர்வே ஆபீஸான்னு கேட்டதுக்கு 'ஓம், ஓம்'னு தலையாட்டினீங்களே, அதுலயே தெரிஞ்சுபோச்சு. எனக்கு நாகப்பட்டணம் பக்கம். பேரு பக்கிரிசாமி. இந்தக் கோலாலம்பூர்ல 'வண்டிக்காரப் பக்கிரி'ன்னு கேட்டா ஒரு காலத்துல நாய்கூட வழி காட்டும். இப்ப நாய்ங்களும் புதுசா வந்துருச்சு, ஒண்ணுக்கும் என்னைத் தெரியல.

ரோட்டை நேராக்க வந்திருக்கீங்க. அதான் ஊரெல்லாம் பேச்சா இருக்கே. போன வாரம் ஒரு வெள்ளைக்காரனோட மோட்டார் வண்டி இந்த வளைவுல திரும்பத் தெரியாம சாக்கடையில எறங்கிருச்சு. ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம். ஓட்டினவனை விட்டுட்டு ரோட்டைக் குத்தம் சொல்றாங்க. மேட்டுல துரைமாருங்க பங்களா, அந்தப் பக்கம் கை வைக்க முடியாது. அதனால வளைவைக் குறுக்க வெட்டலாம்னு உங்க கயிறு வருது. வரட்டும். ஆனா எது மேல வருது பார்த்தீங்களா? செங்கமலத்தோட அடுப்படி மேல. முன்கட்டு போயிரும், அடுப்பு போயிரும், நான் உக்காந்திருக்கிற இந்தப் பெஞ்சும் போயிரும். அப்புறம் கடைன்னு என்ன மிச்சம்?

அதனால சொல்றேன், குச்சியைக் கீழ வெச்சுட்டு, இந்த வளைவு எப்பிடி வந்துச்சுன்னு கேட்டுக்கங்க. உங்க ஆபீஸ் படத்துல ஏதோ ஒரு துரை பேரு போட்டிருக்கும். வளைவைப் போட்டது துரை இல்ல. நான்தான்.

சிரிங்க, பரவால்ல. கேட்டு முடிச்சிட்டும் சிரிக்கிறீங்களான்னு பார்ப்போம்.

நான் வந்து எறங்கினப்ப இது ஊரே இல்ல. ரெண்டு ஆறு கூடற எடத்துல ஒரு படகுத்துறை, அதைச் சுத்திச் சேறு, சேத்துல அத்தாப்பு ஓலைக் குடிசைங்க, குடிசைக்கு நடுவுல பன்னிங்க. காட்டுக்குள்ள சீனனுங்க ஈயம் தோண்டினாங்க. அந்தச் சுரங்கத்தை லம்பம்பாங்க, அதுக்கு அரிசி எண்ணெய் ஏத்திட்டுப் போவணும், திரும்பறப்ப ஈயக்கட்டியைத் துறைக்குக் கொண்டாரணும். அதுதான் எங்க பொழப்பு. ஊரு ஒரு தடவை எரிஞ்சு சாம்பலாச்சு. ஒரு தடவை வெள்ளத்துல முங்குச்சு. ஒவ்வொரு தடவையும் 'இதோட செத்துச்சு இந்த ஊரு'ன்னு மொதல்ல சொன்னவன் நான். என் வாய் அப்பிடி. நான் செத்துச்சு செத்துச்சுன்னு சொல்லச் சொல்ல, அது வளர்ந்துகிட்டே போச்சு.

இந்த எடத்தையே ஒருத்தன் எனக்குச் சும்மா குடுக்கறேன்னான். அந்தா துணிக்கடை, அங்கேருந்து விளக்குக் கம்பம் வரைக்கும். எருமை படுக்கற பள்ளத்தை வெச்சு நான் என்னய்யா பண்றதுன்னு கேட்டுட்டு வண்டியை ஓட்டிட்டுப் போயிட்டேன். இன்னிக்கும் எனக்கு அதுல வருத்தம் கெடையாது. அது எருமைப் பள்ளம்தான். பள்ளத்தைப் பள்ளம்னுதான் சொல்ல முடியும்.

செங்கமலம் எடுத்துக்கிட்டா.

அவ புருசனோட கப்பல்ல வந்தவ. அவன் கல்லு ஒடைக்க வந்தான், மொத மழைக்கே காய்ச்சல்ல போயிட்டான். அப்ப இங்க ஆம்பளைங்க ஈசல் மாதிரி மொய்ச்சுக் கெடப்போம். பொம்பளைங்களை விரல்விட்டு எண்ணிரலாம். அடுத்த கப்பல்ல ஊருக்குத் திரும்பிருவான்னு நெனச்சோம். அவ திரும்பல. யாருக்கும் வேண்டாத இந்தப் பள்ளத்துல நாலு கழி நட்டு, ஓலை போட்டு, மூணு கல்லைக் கூட்டி உலை வெச்சுட்டா. எங்க வண்டித்தடம் அப்ப மேட்டு மேல நேரா போவும். கீழ பள்ளத்துல பொகை வர்றதைப் பார்த்துட்டு, 'யாருக்குடா இவ சோறாக்கறா, எருமைக்கா'ன்னு சிரிச்சோம். நானும்தான் சிரிச்சேன்.

ஒரு நாள் என் செவலை மாட்டுக்கு லாடம் கழண்டு போச்சு. நொண்டுது. தண்ணி காட்டலாம்னு பள்ளத்துக்கு எறக்கினேன். அவ என்னை ஏறெடுத்தும் பார்க்கல. மொதல்ல மாட்டைப் பார்த்தா. தொட்டி நெறைய அரிசி கழுவின தண்ணி, அதுல ஒரு பிடி புண்ணாக்கு. மாடு ரெண்டும் மூக்கு முங்கக் குடிச்சுது. பிறகுதான் எனக்கு ஒரு தட்டுல சோறு. பசி, அள்ளி அள்ளித் தின்னேன். பாதி சோறு போனதும் விரல்ல என்னமோ தட்டுப்பட்டுது. வழவழன்னு.

முட்டை, தம்பி. அவிச்ச முட்டை. சோத்துக்கு அடியில.

ஒரு முட்டைக்கு இவ்வளவான்னு நெனைப்பீங்க. அப்ப இந்த ஊர்ல கோழி வளர்த்தா பாதியை உடும்பு திங்கும், மீதியை மலைப்பாம்பு முழுங்கும். முட்டைன்னா அது துரைமாரு சாப்பாடு. அதை விடுங்க. எங்க பக்கம் ஒரு வழக்கம். கூட்டுக் குடும்பத்துல பத்துப் பேரு பந்தியா உக்காந்து சாப்பிடறப்ப, பொண்டாட்டிக்காரி தன் புருசனுக்கு மட்டும் கறித்துண்டைச் சோத்துக்கு அடியில ஒளிச்சு வெப்பா. மாமியாளுக்குத் தெரியாது, நாத்தனாளுக்குத் தெரியாது. தின்றவனுக்கும் வெச்சவளுக்கும் மட்டும்தான் தெரியும். அதுக்கு ஒரே அர்த்தம்தான். உங்க யாழ்ப்பாணத்துலயும் இருக்கும், நீங்க சின்னப் பையன், கவனிச்சிருக்க மாட்டீங்க.

நிமிர்ந்து பார்த்தேன். அவ அடுப்பை ஊதிக்கிட்டிருந்தா. மொகம் செவந்து இருந்துச்சு. நெருப்புன்னு நெனைக்கிறீங்களா? நான் அப்பிடி நெனைக்கல. வாயால சொல்லக் கூச்சப்பட்டுக்கிட்டு ஒருத்தி முட்டையால சொல்றா. போறப்ப, 'நாளைக்கும் வாங்கண்ணே'ன்னா.

'அண்ணே'ங்கறது ஊருக்காக. நாலு பேரு நடுவுல வேற என்னன்னு கூப்பிடுவா?

மறுநாள் லாடம் கழலல. இருந்தாலும் எறங்கினேன். மறுநாளும் முட்டை. அப்புறம் மாட்டுக்கே பழகிருச்சு. மேட்டுத் தடத்துல அந்தப் பிரியற எடம் வந்தா போதும், கயித்தைத் தொட வேண்டாம், தானா எறங்கும். நான் வண்டியில தூங்கிருப்பேன், முழிச்சுப் பார்த்தா செங்கமலம் கடை.

ஒரு நாள் சொன்னா, 'அண்ணே, கடை வாசல்ல சக்கரம் பொதையுது. லம்பத்துல சரளை சும்மா கொட்டிக் கெடக்குமே, வர்றப்ப ரெண்டு கூடை கொண்டாந்து போடுங்களேன்'னு. எனக்காக வருத்தப்படறா பாருங்க. கொண்டாந்து போட்டேன். மத்த வண்டிக்காரனுங்களும் கொண்டாந்து போட்டானுங்க. மருதையன்னு ஒருத்தன், என் சேக்காளி, என்னைவிட ஒரு கூடை கூடவே போடுவான். என் வண்டி பொதையக் கூடாதுன்னு அவனுக்கு அவ்வளவு அக்கறை. அந்தக் காலத்துச் சிநேகம் அப்பிடி. இப்ப எவன் எவனுக்குச் சரளை சுமக்கறான்?

கொஞ்ச நாள்ல எல்லா வண்டியும் இந்த வழிதான். எனக்குத் துணையா வர ஆரம்பிச்சு அப்பிடியே பழகிட்டானுங்க. பள்ளத்து வழி கல்லாட்டம் இறுகிருச்சு, மேட்டு வழி ஆள் போவாம சேறாச்சு. மத்தியானத்துல வந்து பார்க்கணும் நீங்க, வரிசையா வண்டி அவுத்துப் போட்டிருக்கும். ஒருத்தனும் ஒருத்தன் மொகத்தைப் பார்த்து உக்காந்து சாப்பிட மாட்டான். ஒருத்தன் செவுத்தைப் பார்ப்பான், ஒருத்தன் மரத்தைப் பார்ப்பான், தட்டை மடியில வெச்சு மறைச்சுக்குவான். கண்ணு பட்டுரும்னு பயம், நாட்டுப்புறத்துப் பயலுங்க. எனக்கு அது வசதியாப் போச்சு. நானும் திரும்பி உக்காந்துக்குவேன், என் முட்டை எனக்கும் அவளுக்கும் மட்டும்.

மருதையன் கடைசிவரைக்கும் கல்யாணம் கட்டல. போன மழையிலதான் செத்தான். 'ஏண்டா'ன்னு கேட்டா, 'எனக்குன்னு ஒருத்தி இருக்கா பக்கிரி, மனசு போதும்'பான். யாருடான்னா வாயைத் தொறக்க மாட்டான். பாவம். எவளோ நல்லா ஏமாத்தியிருக்கா அவனை.

இப்ப விசயத்துக்கு வர்றேன். ஊரு வளருது, ரயில் வரப்போவுதுன்னாங்க, பெரிய ரோடு போடணும்னு ஒரு துரை வந்தான். ஒசரம், செம்பட்டைத் தாடி. உங்களை மாதிரியே குச்சி, கயிறு. மேட்டுல நேரா நட்டுக்கிட்டே போனான், குச்சிக்குக் குச்சி செவப்புத் துணி. அந்த வழி ரோடு போச்சுன்னா பள்ளத்துக்கு எவன் வருவான்? செங்கமலமும் எருமையும்தான்.

அன்னிக்கு அவ சோறு போட்டுட்டு மேட்டுக் குச்சியைப் பார்த்தா. 'நம்ம கடை போயிரும் போல இருக்கேண்ணே'ன்னா. கவனிச்சீங்களா? நம்ம கடை. அந்த ஒரு சொல்லுக்கு நான் துரையையே தூக்கி ஆத்துல போட்டிருப்பேன். எனக்குச் சோறு எறங்கல. முட்டை மட்டும்தான் எறங்குச்சு.

அந்தத் துரை கூடாரத்தையும் பெட்டியையும் ஏத்தறதுக்கு என் வண்டியைத்தான் பேசியிருந்தான். அதை அவகிட்ட சொன்னேன். அவ மாட்டுத் தொட்டியில புண்ணாக்கைக் கரைச்சுக்கிட்டே, 'மாடு பேச்சைக் கேக்கலைன்னா மனுசன் என்னண்ணே பண்ணுவான்'னு பொதுவா ஒரு பேச்சு பேசினா. அந்த நேரம் பார்த்து எனக்கு ஒரு யோசனை தோணுச்சு. அப்பப்ப எனக்கு அப்பிடித் தோணும்.

மறுநாள் துரையை வண்டியில உக்கார வெச்சுக்கிட்டு குச்சி நட்ட வழியே ஓட்டினேன். பிரியற எடம் வந்துச்சு. மாடு ரெண்டும் திரும்புச்சு. நான் 'ஹேய் ஹேய்'னு கத்தி, கயித்தை இழுக்கிற மாதிரி ஒரு நடிப்பு நடிச்சேன் பாருங்க, கூத்துக்காரன் தோத்தான். துரை கத்தறான், மாடு ஓடுது. கூடாரம், பெட்டி, துரை எல்லாம் செங்கமலம் கடை வாசல்ல. மாடு தொட்டியில மூக்கை விட்டாச்சு.

துரைக்குக் கோவம். என் மாடு கெட்ட மாடுன்னுட்டு மருதையன் வண்டியைப் பேசினான். மருதையன் மாடும் திரும்புச்சு. ஒரு சீனனோட வண்டியை வெச்சுப் பார்த்தான், அவன் எருமைகூடத் திரும்புச்சு தம்பி. துரை தாடியைச் சொறிஞ்சான். எறங்கி, பூட்ஸ் காலால தரையை மிதிச்சுப் பார்த்தான். இரும்புக் கம்பியால குத்திப் பார்த்தான். அடியில சரளை, எறங்கல. மேட்டுல போயிக் குத்தினான், முழங்கால் ஆழம் போச்சு. அவனுக்கு ஒரே சந்தோசம். 'பூமி எங்க கெட்டின்னு மிருகத்துக்குத்தான் தெரியும், படிச்சவனுக்குத் தெரியாது'ன்னு என் முதுகைத் தட்டினான். ரோடு வளைஞ்சு வந்துருச்சு. வெள்ளைக்காரன் எவ்வளவு பெரிய மக்கு பாருங்க. மாடு திரும்பினது கழுநீருக்கு. அவன் பூமிக்குன்னு நெனச்சுக்கிட்டான். கண்ணு முன்னாடி இருக்கிறதுக்கு இவனா ஒரு அர்த்தம் கட்டிக்கிட்டான்.

அவனுக்கும் செங்கமலம் அன்னிக்குச் சோறு போட்டா. ஸ்பூன் இல்லாம கையால தின்னான். பாதியில நிறுத்தி அவளை ஒரு பார்வை பார்த்தான். எழுந்து போறப்பத் தொப்பியைக் கழட்டிட்டுப் போனான். அது அவங்க மரியாதை.

அவ்வளவுதான், வளைவு வந்த கதை. ரோடு வந்தது, ரோட்டை ஒட்டித் துணிக்கடை, சாமான் கடை, விளக்குக் கம்பம், ஆத்துக்குப் பாலம், இந்தப் பக்கம் ரயிலு. ஓலைக்கடை ஓட்டுக்கட்டடமாச்சு. இந்த மூலை முழுக்க அவ பேருலதான் இருக்கு. அதெல்லாம் அவ அதிர்ஷ்டம். நான் வளைச்சுக் குடுத்த ரோடு.

என்ன கேக்கறீங்க? கல்யாணமா?

கேக்கணுமா தம்பி, தெனம் பதில் தட்டுல வர்றப்ப? எங்க அம்மா ஊர்ல பொண்ணு பார்த்து வெச்சுக்கிட்டு ஆள் மேல ஆள் அனுப்புனா. இங்க ஒரு எடம் முடிஞ்ச மாதிரின்னு சொல்லி விட்டுட்டேன். அம்மா போயும் சேர்ந்துட்டா. ஒரே ஒரு தடவை, கேட்டே புடலாம்னு புது வேட்டி கட்டிக்கிட்டு வந்து நின்னேன். நல்ல மழை. 'செங்கமலம்'னேன். அவ நிமிர்ந்து பார்த்தா. நல்லா பார்த்தா. அவ கண்ணு கலங்குன மாதிரி இருந்துச்சு. 'சோறு ஆறுதுண்ணே, உக்காருங்க'ன்னா. உக்காந்தேன். அடியில அன்னிக்கு ரெண்டு முட்டை. இதுக்கு மேல ஒருத்தி என்ன சொல்லுவா?

வண்டி போச்சு, மாடு போச்சு. மோட்டாருக்கு முன்னாடி மாடு நிக்குமா? ஆனா மத்தியானம் ஆச்சுன்னா இந்தப் பெஞ்சு, ஒரு தட்டு. இன்னிவரைக்கும் தவறினதில்ல. எனக்குன்னு இந்தப் பட்டணத்துல இருக்கிறது இந்த வளைவும் அந்த முட்டையும்தான். அதுக்குக் குறுக்கதான் நீங்க கயிறு கட்டறீங்க.

இந்தா, சோறு வந்துருச்சு. செங்கமலம், இந்தத் தம்பி சர்வே ஆபீஸ்லேருந்து வந்திருக்காரு, பேரு... ஓ, உனக்கே தெரியுமா? காலையிலயே குச்சியோட பார்த்துட்டியா? சரி, அவருக்கு மொதல்ல வை.

சாப்பிடுங்க தம்பி. கூச்சப்படாதீங்க. மீன்கொழம்பு இவ வைக்கணும். சாக்கடைக்கு அந்தாண்ட பாருங்க, பொறம்போக்கு சும்மா கெடக்கு. வளைவை அந்தப் பக்கமா அகலப்படுத்திட்டா மோட்டார் தாராளமாத் திரும்பும். உங்களுக்கு ஒரே ஒரு குச்சி வேலை. நான் படிக்காதவன், சொல்லிட்டேன்.

என்ன, கை நின்னுருச்சு? முள்ளா?

ஏன் அந்தப் பக்கம் திரும்பிக்கறீங்க? செவுத்துல என்ன இருக்கு? தட்டை ஏன் மடியில... மருதையன்தான் இப்பிடி உக்காருவான்.

காட்டுங்க தம்பி. சும்மா காட்டுங்க, நான் ஒண்ணும் புடுங்கித் திங்க மாட்டேன்.

ம்.

இல்ல, ஒண்ணுமில்ல. மூடிக்கங்க, சோத்தைத் தள்ளி மூடிக்கங்க. என் தட்டுல என்ன தேடறீங்க? கிளறிப் பார்த்துட்டேன், இன்னிக்கு இல்ல. கோழி ஒண்ணுதான் போட்டிருக்கும். வயசான ஒடம்புக்கு முட்டை சூடு வேற.

தம்பி, ஒண்ணு சொல்றேன் கேட்டுக்கங்க. முப்பது வருசத்துக்குக் கிட்ட இந்தக் கடையில சாப்பிடறேன். என் தட்டை விட்டா இன்னொருத்தன் தட்டுல நான் முட்டையைப் பார்த்தது கெடையாது. எங்க வேணா சூடம் ஏத்தி அணைக்கிறேன். ஒருத்தன் தட்டுலகூடப் பார்த்ததில்ல. உங்க தட்டுலதான் மொத மொத பாக்கறேன். அவளுக்குப் புள்ளை குட்டி இல்ல. கடல் தாண்டி வந்த புள்ளை, தாய் கையால தின்னு எத்தனை நாளாச்சோன்னு அவ மனசுல பட்டிருக்கும். வேற என்ன? அவகிட்ட எதுவும் கேட்டுராதீங்க, கூச்சப்படுவா. வெளியவும் சொல்லாதீங்க. கண்ணு பட்டுரும்.

அழுவாதீங்க தம்பி. சாப்பிடுங்க. மஞ்சக்கருவைக் கடைசியா வெச்சுக்கங்க, அதான் ருசி.

கை கழுவ அங்க தண்ணி இருக்கு. போயிட்டு வாங்க. நாளைக்கும் வாங்க.

பாரு செங்கமலம், குச்சியைத் தூக்கிக்கிட்டுப் போறாரு. போறாரு... சாக்கடையைத் தாண்டிட்டாரு. நட்டுட்டாரு. அந்தாண்டதான் நட்டிருக்காரு. நம்ம கடை தப்பிச்சுது.

செங்கமலம், ஒண்ணு கேக்கவா? நம்ம மருதையன் இருந்தானே, அவன் தட்டுல... அந்தத் தாடிக்காரத் துரை தட்டுல...

வேணாம், சொல்லாத. சிரிக்காத, சொல்லாதங்கறேன்ல. ரசத்தை ஊத்து. சோறு ஆறுது.